மேல்மாடிக்குக் கீழே ஒரு பெயரடை

சிலருக்குப் பெயருக்குப் பின்னால் பட்டம் நிற்கும். பொள்ளலக்காவுக்குப் பெயருக்கு முன்னால் ஒரு பெயரடை வந்து நின்றது. வந்தது சும்மா நிற்கவில்லை. நாளடைவில் பெயரைத் தள்ளிவிட்டு அந்த இடத்தில் தானே சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டது. அவள் வேலை பார்க்கும் மண் பரிசோதனை ஆபீஸில் சம்பளம் போடுகிறவர் ஒருவருக்குத்தான் அவளுடைய சொந்தப் பெயர் தெரியும். அவரும் தன் போனில் ‘பொள்ளலக்கா’ என்றுதான் பதிந்து வைத்திருக்கிறார்.

ஆபீஸ் ஒரு டயர் கடைக்கு மேலே இருக்கிறது. படியேறும்போதே ரப்பர் வாடை கூடவே ஏறி வரும். வீடோ கடையோ கட்டுகிறவர்கள் முதலில் இங்கே வந்து மண்ணைச் சோதித்துக்கொள்ள வேண்டும் என்பது விதி. பாதிப் பேர் சுவர் எழுப்பிய பிறகு வருவார்கள், பிள்ளை பெற்ற பிறகு கல்யாணப் பத்திரிகை அடிக்கிற மாதிரி. பின்புறம் ஒரு தகரக் கொட்டகை. துளைபோடும் ரிக் மண்ணுக்குள்ளிருந்து உருளை உருளையாகக் கல்லை எடுத்து வரும். தொழிலில் அதற்குக் கோர் என்று பெயர். அந்தக் கோர்களை மேலிருந்து கீழாக எந்த வரிசையில் வந்ததோ அதே வரிசையில் நீளப் பெட்டிகளில் அடுக்கிக் கொட்டகைக்குக் கொண்டுவருவார்கள். அக்கா ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, ஒவ்வொரு கல்லும் எப்படிப்பட்டது என்று சொல்வாள். அதுதான் அவளுடைய வேலை. பெயர்ச்சொல்லைப் பூமி கொடுத்துவிடுகிறது. பெயரடையை அக்கா கொடுக்க வேண்டும்.

அதற்கு ஒரு வரிசை உண்டு. முதலில் நிறம், பிறகு கெட்டி, பிறகு மணியின் பருமன், பிறகு எவ்வளவு சிதைந்திருக்கிறது என்பது, கடைசியில்தான் கல்லின் பெயர். நிறம் பார்க்கக் கல்லை நனைக்க வேண்டும். காய்ந்த கல் எல்லாம் அரசாங்கக் கட்டட நிறம். நனைத்தால்தான் தன் குணத்தைக் காட்டும். தண்ணீர் பாட்டில் எட்டவில்லை என்றால் அக்கா நாக்கால் ஒரு தடவு தடவிவிடுவாள். மண்ணாக இருந்தால் ஒரு சிட்டிகை எடுத்து முன்பல்லில் கடிப்பாள். நறநறவென்றால் வண்டல், வெண்ணெய் மாதிரி வழுக்கினால் களி. ‘வாயில மண்ணைப் போட்டுட்டியே’ என்று உலகத்தில் எல்லோரும் அடுத்தவரைத்தான் திட்டுவார்கள். தன் வாயில் தானே போட்டுக்கொண்டு மாதச் சம்பளம் வாங்குகிறவள் அக்கா ஒருத்திதான்.

இனி அந்தச் சொல்லுக்கு வருவோம். இந்த ஊரின் அடியில் இருப்பது சுண்ணாம்புப் பாறை. சுண்ணாம்புப் பாறைக்குத் தண்ணீர் என்றால் பலவீனம். உள்ளே புகுந்த தண்ணீர் காலங்காலமாக அதைக் கரைத்துக் கரைத்துச் சின்னச் சின்ன ஓட்டைகளைச் செய்துவிடும். அப்படிப்பட்ட பாறைக்கு ஒரு பெயரடை வேண்டும். இங்கிலீஷ்காரர்கள் ‘வகி’ என்று ஒன்றை வைத்திருக்கிறார்கள். சொன்னால் யாரோ பக்கத்து வீட்டுக் குழந்தையைக் கூப்பிடுகிற மாதிரி இருக்கிறது. அக்கா முதலில் ‘பொத்தலான’ என்று எழுதினாள். மேனேஜர் சிவப்பு மையால் சுழித்தார்.

“மேடம், பொத்தல்னா எனக்கு பனியன்தான் ஞாபகம் வருது. தவிர, நம்ம ரிக்தான் பொத்தல் போட்டுச்சுன்னு கஸ்டமர் சண்டைக்கு வருவான். கொஞ்சம் கௌரவமா ஒரு வார்த்தை கெடையாதா?”

அக்கா அகராதியைப் புரட்டிக் கௌரவமான ஓட்டையைத் தேடினாள். ‘பொள்ளல்’ கிடைத்தது. பழைய சொல். மரப்பொந்துக்கும் சொல்லலாம், ஓட்டை விழுந்த பானைக்கும் சொல்லலாம். அதைப் பாறைக்கு மாட்டி ‘பொள்ளலான’ என்று ஆக்கிக்கொண்டாள். பொருளுக்கு எல்லையும் அவளே வைத்தாள். மணலுக்கு மணல் இருக்கும் இடைவெளி பொள்ளல் இல்லை. கண்ணுக்குத் தெரிய வேண்டும். பட்டாணி நுழையலாம், எலுமிச்சம்பழம் நுழையலாம். கை நுழைந்தால் அது குழி. ஆள் நுழைந்தால் குகை. அதற்கும் மேலே போனால் மறுநாள் செய்தித்தாளில் வரும்.

இன்னொரு நிபந்தனையும் உண்டு, இந்தக் கதைக்கு அதுதான் முக்கியம். ஓட்டை காலியாக இருக்க வேண்டும். எந்தக் காலத்திலோ களிமண் வந்து இறுக அடைத்துக்கொண்ட ஓட்டை, பொள்ளல் ஆகாது. அது ‘அடைபட்டது’. அடைத்த பல்லும் சொத்தைப் பல்லும் ஒன்றா? அடைபட்ட பாறையில் தண்ணீர் ஓடுவது நின்று போயிருக்கும். அதன்மேல் மாடி வீடு தாராளமாக நிற்கும். காலியாக இருந்தால் தண்ணீர் இன்னும் ஓடுகிறது, பாறை இன்னும் கரைகிறது, சின்ன ஓட்டைக்குப் பக்கத்தில் அதன் பெரியப்பா இருக்கலாம் என்று பொருள். அதற்குமேல் மாடி கிடையாது. அடுத்த மேசை இன்ஜினியர் அந்த ஒரு சொல்லைப் பார்த்தாலே வரைபடத்தைச் சுருட்டிவிடுவார்.

ஆகவே கட்டடம் கட்டுகிற உலகத்தில் அது ஒரு வியாதியின் பெயர் ஆகிவிட்டது. “ரிப்போர்ட் வந்துடுச்சா? பொள்ளல் இல்லையே?” என்று ஆஸ்பத்திரி வராந்தாவில் கேட்கிற குரலில் கேட்பார்கள். இத்தனைக்கும் அக்கா அதைத் தன் வேலைக் காலம் முழுவதிலும் இரண்டே முறைதான் எழுதியிருக்கிறாள். ஒரு முறை எழுதினதில் கல்யாண மண்டபம் ஒன்று கார் நிறுத்துமிடமாக மாறியது. இன்னொரு முறை, ஒரு பெரிய மனிதரின் பங்களா மனையின் அந்தக் கோடிக்கு நகர்ந்து போனது. பெரிய மனிதர்கள் ஒரு சொல்லுக்காக நகர்ந்து அக்காவைத் தவிர வேறு யாரும் பார்த்ததில்லை.

வீட்டில் மட்டும் சொல்லைத் தாராளமாகப் புழங்குவாள். பேக்கரி ரொட்டியைப் பிய்த்துப் பார்த்து, “பொள்ளலா இருக்கு, நேத்து சுட்டது” என்பாள். கொழுந்தன் எதற்காவது காரணம் சொன்னால், “வெளிர் நிறம், கெட்டி கம்மி, பொள்ளலான காரணம்” என்பாள். வீட்டுக்காரர் அதற்குச் சிரிப்பார். தம்பியின் காரணங்களோடு சின்ன வயதிலிருந்து பழகியவர்.

வீட்டுக்காரர் பஸ் டிப்போவில் பஸ் கழுவுகிறவர். சேற்றோடு வருகிற பஸ்ஸை, துப்பாக்கி மாதிரி ஒரு குழாயைப் பிடித்துப் பீய்ச்சி, கண்ணாடி மாதிரி ஆக்கி அனுப்புவார். அந்தத் தண்ணீரின் வேகம் பஸ்ஸில் ஒட்டிய விளம்பரத்தையே உரித்துவிடும். அழுக்கு என்று எதைக் கண்டாலும் அவருக்குக் கை பரபரக்கும். உள்ளங்கை எப்போதும் ஊறி வெளுத்திருக்கும்; “மிருதுவானது, ஈரமானது, சிதைவு ஆரம்பம்” என்று கையைப் பிடித்துப் பார்த்து அக்கா சொன்னதுதான் அந்தத் தம்பதியின் காதல் வசனங்களில் உச்சம்.

இருவரும் கல்யாணமானதிலிருந்து ஒரு சலவைக் கடைக்கு மேலே இரண்டு அறைகளில் குடியிருக்கிறார்கள். கீழே வரிசையாகப் பெரிய மிஷின்கள். அவை துணியைப் பிழியத் தொடங்கினால் மேலே தரை உதறும். அலமாரியில் டம்ளர்கள் ஒன்றையொன்று உரசிக்கொண்டு நடக்கும். கட்டில் ஒரு மாதத்தில் சுவரிலிருந்து ஒரு சாண் நகர்ந்து வந்துவிடும். இழுத்துத் திரும்பப் போடுவார்கள். ஊரில் இருக்கிற தரையெல்லாம் அசையுமா அசையாதா என்று தீர்ப்பு சொல்கிறவள், அசைகிற தரையில் படுத்துத் தூங்கினாள். அவளுக்கு வாழ்க்கையில் ஒரே ஆசைதான். அசையாத தரை. நகை வேண்டாம், கார் வேண்டாம். ஒரு டம்ளரை வைத்தால் வைத்த இடத்தில் இருக்க வேண்டும்.

அந்த ஆசைக்குக் கொழுந்தன் வழி பண்ணினான். ஒரு மனை வாங்கினான். கீழ்வீடு அவனுக்கும் அவன் மனைவி பிள்ளைகளுக்கும், மேல்மாடி அண்ணனுக்கும் அண்ணிக்கும் என்று முடிவாயிற்று. வரைபடம் வந்த அன்று அக்கா மேல்மாடிச் சமையலறையில் விரலை வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் எடுக்கவில்லை. பிறகு விரலை எடுத்தாள், தொழில் புத்தி முன்னால் வந்தது.

“தம்பி, முதல்ல ஒரு துளை போட்டுப் பாத்துடலாம்.”

“எதுக்கு அண்ணி? பக்கத்து மனையில நாலு மாடி நிக்குது, பாக்கலையா?”

“பக்கத்து வீட்டுக்காரருக்குப் பல்வலி இல்லைன்னா உங்க பல்லு நல்ல பல்லா?”

ஓரகத்தி, அதாவது கொழுந்தன் மனைவி, அப்போது அங்கே காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தி வேறு, நாக்கு வேறு என்று பிரித்துச் சொல்ல முடியாத பெண். “போட்டுக்கட்டுமே. அக்கா கடிச்சுப் பாக்காத மண்ணுல வீடு கட்டினா நமக்குத் தூக்கம் வருமா?” என்றாள். அது ஆதரவா கிண்டலா என்பது அவளுக்கே நறுக்கி முடித்த பிறகுதான் தெரியும்.

சொந்த வீட்டுக் கோரைத் தானே பார்ப்பது சரியில்லை என்று அக்கா மேனேஜரிடம் சொன்னாள். “வேற யார் இருக்கா மேடம்? இந்த ஆபீஸ்ல மண்ணு திங்கறது நீங்க ஒருத்தர்தான்” என்று முடித்துவிட்டார்.

ரிக் ஒரு ஞாயிற்றுக்கிழமை போனது. அன்று அக்காவுக்கு வேறொரு பாலத்தின் கோர்களைப் பார்க்கிற அவசரம். மனைக்கு வீட்டுக்காரர் போனார். துளை போட்டு முடித்ததும் ரிக் மேஸ்திரி, “அண்ணே, பெட்டிங்களை நாளைக்குக் காலையில வண்டி வந்து எடுத்துக்கும்” என்று சொல்லிவிட்டு ஆட்களோடு கிளம்பிப் போனார். பெட்டிகளை மூடிக் கொட்டகையில் சேர்த்த பிறகுதான் மேஸ்திரி மனையை விட்டு நகர வேண்டும் என்பது ஆபீஸ் விதி. ஆனால் இது நம்ம பொள்ளலக்கா மனை, பக்கத்தில் நிற்பது அக்காவின் வீட்டுக்காரர். வேலிக்கு வேலி எதற்கு?

வீட்டுக்காரர் தனியாக நின்று பெட்டிகளைப் பார்த்தார். உள்ளே அத்தனை கல்லும் சேறு பூசிக்கொண்டு கிடந்தது. மனைவி நாளைக்கு இதையெல்லாம் நக்கிப் பார்க்கப் போகிறாளே என்று நினைத்தபோது அவருக்கு நெஞ்சு கரைந்தது. கல்யாணமானதிலிருந்து அவளுடைய வேலையில் அவர் உதவி செய்ததே இல்லை. செய்யத் தெரிந்ததும் இல்லை. இது தெரியும். டிப்போவுக்குப் போய் சைக்கிளில் சின்ன மோட்டாரையும் குழாயையும் கட்டிக்கொண்டு வந்தார்.

திங்கட்கிழமை காலை கொட்டகையில் அக்கா பெட்டியைத் திறந்தாள். திறந்தபடியே நின்றாள்.

கோர்கள் பளபளத்தன. அவளுடைய வேலைக் காலத்தில் அவ்வளவு சுத்தமான கல்லை அவள் கண்டதில்லை. அந்தச் சுத்தமான வெள்ளைக் கல்லில், பெட்டியின் நடுவரிசையிலிருந்து கீழ்வரை, பட்டாணிப் பருமனில், கொட்டைப்பாக்குப் பருமனில், ஓட்டை ஓட்டையாக இருந்தது. எல்லாம் காலி. துடைத்து வைத்த மாதிரி காலி.

துடைத்துத்தான் வைத்திருந்தார் மனிதர். வீட்டுக்காரரை டிப்போவிலிருந்து வரவழைத்தாள். அவர் பரிசு வாங்க வருகிற பிள்ளை மாதிரி வந்தார்.

“எப்படி? கண்ணாடி மாதிரி இல்ல?”

“இதை யாரு கழுவினது?”

“யாரு கழுவுவா? நான்தான். உனக்கு வேலை மிச்சம்.”

அக்கா ஸ்டூலில் உட்கார்ந்தாள். கொட்டகைச் சுவரில் அவளே எழுதி ஒட்டியது தொங்கியது: பார்க்குமுன் கழுவாதே. அவர் அதைப் படித்தார். முகத்தில் இருந்த பரிசுக் களை மெல்ல இறங்கியது.

“ஏங்க, நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. கழுவறதுக்கு முன்னாடி இந்த ஓட்டைக்குள்ள ஏதாவது இருந்துச்சா?”

“ஓட்டையே கழுவினப்புறம்தான் தெரிஞ்சுது. மேல பூரா சேறு.”

“கழுவும்போது என்ன வந்துச்சு?”

“தண்ணி வந்துச்சு.”

“என்ன நிறத் தண்ணி?”

அவர் மனைவியின் முகத்தைப் பார்த்தார். மேல்மாடியைப் பார்த்தார், அது இன்னும் காகிதத்தில்தான் இருந்தது. பிறகு மிகவும் மெதுவாக, “உனக்கு எந்த நிறம் வேணும்?” என்று கேட்டார்.

அக்காவுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்து, இரண்டும் வாசலில் முட்டிக்கொண்டு, எதுவும் வெளியே வரவில்லை. அந்தத் தண்ணீரின் வேகத்துக்குக் களிமண் அடைத்திருந்தாலும் பிய்த்துக்கொண்டு போயிருக்கும். ஓட்டைச் சுவரில் படிகம் ஏதாவது விளைந்திருந்தாலும் அதையும் பெயர்த்திருக்கும். எது இருந்தது, எது இல்லை என்று இனி அந்தக் கல்லே நினைத்தாலும் சொல்ல முடியாது. அடைபட்டது என்றால் மேல்மாடி உண்டு. பொள்ளலானது என்றால் இல்லை. நடுவில் அவளுடைய புருஷன் குழாயைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்.

மேனேஜர் வந்து பார்த்தார். “அடைபட்டதுன்னே போட்டுடுங்க மேடம். பக்கத்து மனையில நாலு மாடி நிக்குதே” என்றார். அந்தப் பக்கத்து மனைக்காரர் தன் வீட்டை வாடகைக்கு விட்டதைவிட மற்றவர்கள் வாதத்துக்கு விட்டதுதான் அதிகம்.

“சேறு வந்திருக்கும் அக்கா, சேறு இல்லாமயா இருந்திருக்கும்?” என்றார் மேஸ்திரி.

“சரி. நீங்க சொல்லுங்க, துளை போடும்போது விட்ட தண்ணி உள்ளயே போச்சா, மேல திரும்பி வந்துச்சா?”

“வந்திருக்கும்.”

“வந்துச்சா, வந்திருக்குமா?”

மேஸ்திரி தலையைச் சொறிந்தார். அவர் அப்போது டீ குடிக்கப் போயிருந்தார். அவருடைய ஆள் தெருக்குழாயைத் தொட்டியில் போட்டுவிட்டு, தொட்டி நிறைகிறதா என்று பார்த்தானே தவிர, துளைவாயைப் பார்க்கவில்லை. ‘இருக்கும்’ என்பது அக்காவின் அகராதியில் பாறையும் இல்லை, மண்ணும் இல்லை. தூசு.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் கொழுந்தனும் ஓரகத்தியும் சலவைக் கடை மாடிக்கு வந்தார்கள். கீழே மிஷின் பிழிந்துகொண்டிருந்தது. வந்தவர்களுக்குக் கொடுத்த டீ, டம்ளருக்குள் வட்டம் வட்டமாக நடுங்கியது.

“அண்ணி, ஒரு வார்த்தை. ஒரே ஒரு வார்த்தைதானே? அதை எழுதினா என்ன, இதை எழுதினா என்ன?”

“அதே ஒரு வார்த்தைதான் தம்பி. அதனாலதான் யோசிக்கிறேன்.”

“அக்காவுக்கு எங்களோட ஒரே வீட்டுல இருக்க இஷ்டமில்லைன்னா நேராச் சொல்லிடலாம்” என்றாள் ஓரகத்தி. “கல்லை எதுக்குச் சாட்சிக்குக் கூப்பிடணும்?”

“இந்த அறையைப் பாரு. இந்த டம்ளரைப் பாரு. இதை விட்டு வர எனக்கு இஷ்டமில்லைன்னா நினைக்கிற?”

டம்ளர் அந்த நேரம் பார்த்து மேசை விளிம்புக்கு வந்தது. வீட்டுக்காரர் பழக்கத்தில் பார்க்காமலே கையை நீட்டிப் பிடித்தார். ஓரகத்தி அதைப் பார்த்தாள். கொஞ்ச நேரம் வாயைத் திறக்கவில்லை. அந்த வீட்டில் அது ஒரு சாதனை.

“எல்லாம் என்னாலதான்” என்றார் வீட்டுக்காரர். “நான் பாட்டுக்குச் சும்மா இருந்திருந்தா இவ பாத்து, அடைபட்டதுன்னு எழுதியிருப்பா. நல்ல வீட்டைக் கழுவியே கரைச்சுட்டேன்.”

அவர் அதற்கப்புறம் டிப்போவில் பஸ்ஸைக்கூடச் சரியாகக் கழுவவில்லை என்று கேள்வி. குழாயைத் தூக்கினால் மேல்மாடி ஞாபகம் வந்துவிடுமாம். சேறு வழிய வழியப் பஸ்கள் ஊருக்குள் போயின.

அக்கா ரிப்போர்ட்டில் அந்த ஒரு கட்டத்தை மட்டும் காலியாக விட்டாள். பிறகு மேஸ்திரியைக் கூப்பிட்டாள். “பெட்டியை மூடாம விட்டுட்டுப் போனது நீங்க. இன்னொரு துளை போடுங்க.” மேஸ்திரி முனகினார், முறைத்தார், தன் ரிக்குக்கு உடம்பு சரியில்லை என்றார். கடைசியில் ஒப்புக்கொண்டார். விதி அவர் பக்கம் இல்லை. அதோடு, பொள்ளலக்காவைப் பகைத்துக்கொண்டால் இனிமேல் அவர் கொண்டுவரும் ஒவ்வொரு கோரையும் அவள் எப்படி வர்ணிப்பாளோ என்ற பயம் வேறு.

இரண்டாவது துளை அன்று எல்லோரும் மனையில் கூடினார்கள். அக்கா ஒரு குடையை விரித்து ரிக்கின் பக்கத்திலேயே ஸ்டூல் போட்டு உட்கார்ந்தாள். வீட்டுக்காரரை எட்ட ஒரு மரத்தடியில் உட்கார வைத்து, “தண்ணி பாட்டிலைக்கூடத் தொடாதீங்க” என்று சொல்லியிருந்தாள். அவர் இரண்டு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டு, பள்ளிக்கூடத்தில் போட்டோ எடுக்கிறபோது உட்கார்கிற மாதிரி உட்கார்ந்திருந்தார். கொழுந்தன் பக்கத்து நாலு மாடியை அண்ணாந்து பார்த்து நின்றான். ஓரகத்தி இடுப்பில் கை வைத்துக்கொண்டு ரிக்கை முறைத்தாள், அது ஏதாவது எதிர்த்துப் பேசட்டும் என்கிற மாதிரி.

ரிக் பாடத் தொடங்கியது. துளைக்குள் தண்ணீர் போக, வாய் வழியாகப் பழுப்பாக வழிந்து திரும்பி வந்துகொண்டிருந்தது. அக்கா துளைவாயை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. மண் முடிந்தது. சிதைந்த பாறை முடிந்தது. வெள்ளைப் பாறை வந்தது. போன தடவை ஓட்டைகள் தொடங்கிய ஆழம் வந்தபோது நிறுத்தச் சொன்னாள்.

கோரைக் கழுவாமல் கையில் வாங்கினாள். மேலே பூசியிருந்த சேற்றை விரலால் மட்டும் வழித்தாள். சுத்தியலால் ஒரு தட்டு. கல் இரண்டாகப் பிளந்தது. பிளந்த முகத்தை ரிக்கும் தொடவில்லை, தண்ணீரும் தொடவில்லை, எந்தப் புருஷனும் தொடவில்லை. அங்கே ஒரு கொட்டைப்பாக்கு நுழைகிற ஓட்டை. அதற்குள் ஊசியை விட்டாள். ஊசி எதிலும் படாமல் உள்ளே போனது. குடையை விலக்கி வெயிலில் காட்டினாள். ஓட்டையின் சுவர் முழுக்கச் சர்க்கரை தூவின மாதிரி படிகங்கள் மினுங்கின. களிமண் ஒரு துளி இல்லை. களி அடைத்திருந்த இடத்தில் படிகம் அவ்வளவு துப்புரவாக நிற்காது. இன்னொரு கல்லைப் பிளந்தாள். அதுவும் அப்படியே. முடிவுக்கு அக்கா நாக்கால் தொட்டுப் பார்த்தாள். பார்க்க வேண்டிய அவசியம் இல்லை, வேறு என்ன செய்வது என்று தெரியவில்லை.

“இன்னும் கொஞ்சம் கீழ போங்க” என்றாள் மேஸ்திரியிடம்.

ரிக் மறுபடி பாடியது. கொஞ்ச நேரம்தான். திடீரென்று துளைவாயில் வழிந்துகொண்டிருந்த தண்ணீர் நின்றது. உள்ளே போவது போய்க்கொண்டே இருந்தது, திரும்பி வரவில்லை. மேஸ்திரி தொட்டியை எட்டிப் பார்த்தார். தொட்டி இறங்கிக்கொண்டிருந்தது. அவரே ரிக்கை நிறுத்தினார்.

ஓரகத்திதான் முதலில் நகர்ந்தாள். பக்கெட் நிறையத் தண்ணீர் மொண்டு வந்து துளைக்குள் கொட்டினாள். கொட்டிய தண்ணீர் போனது. இன்னொரு பக்கெட். அதுவும் போனது. மண்டியிட்டுத் துளைவாயில் காதை வைத்தாள். நிமிர்ந்தபோது கன்னமெல்லாம் சேறு.

“அக்கா,” என்றாள், குரலே வேறாக இருந்தது, “கீழ யாரோ குடிக்கிறாங்க.”

கொழுந்தன் பக்கத்து நாலு மாடியைக் காட்டி ஏதோ சொல்ல வாயெடுத்தான். ஓரகத்தி திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். வாயெடுத்ததைத் திரும்ப வாய்க்குள் வைத்துக்கொண்டான்.

“எழுதுங்க அக்கா” என்றாள் அவள். “என்ன எழுதணுமோ எழுதுங்க. என் பிள்ளைங்க கீழ்வீட்டுலதான் படுக்கப் போகுது.”

அக்கா மரத்தடியைப் பார்த்தாள். வீட்டுக்காரர் கையை மடியிலிருந்து எடுக்காமலே கழுத்தை மட்டும் நீட்டிக் காத்திருந்தார்.

“காலியாத்தாங்க இருக்கு. அப்பவும் காலியாத்தான் இருந்திருக்கு. நீங்க கழுவினதுல ஒண்ணும் போகலை.”

அவருக்கு அது உள்ளே இறங்கக் கொஞ்ச நேரம் ஆனது. இறங்கியதும் துள்ளி எழுந்தார். “அப்ப நான் ஒண்ணும் கெடுக்கலை!” என்று கத்தினார். “டேய் தம்பி, கேட்டியா? நான் கெடுக்கலைடா! அது முன்னாடியே கெட்டுத்தான் கெடந்திருக்கு!”

தம்பி, கனவு வீட்டில் பாதி பறிபோன துக்கத்தில் செங்கல் குவியல் மேல் உட்கார்ந்திருந்தான். அண்ணன் ஓடிப்போய் அவனைக் கட்டிப் பிடித்துக் குலுக்கினார். மேல்மாடி போனதும் அவருக்குத் தெரியும். ஆனால் அது தன்னால் போகவில்லை என்பதன் சந்தோஷம் முன்னால் நின்றுகொண்டு, பின்னால் இருப்பதை மறைத்தது. மேஸ்திரி தலையைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். ஓரகத்தி, “இவர் ஒருத்தர்தான் வீடு போனதுக்கு விருந்து வைப்பார் போலிருக்கு” என்றாள். அக்கா குடையை முகத்துக்கு முன்னால் சாய்த்துக்கொண்டாள். உள்ளே என்ன செய்தாள் என்று யாருக்கும் தெரியாது. குடை மட்டும் கொஞ்சம் குலுங்கியது.

அந்தப் பெயரடையை அக்கா மூன்றாவது முறையாக எழுதினாள். வெள்ளை, நடுத்தரக் கெட்டி, நுண்மணி, சிதைவு குறைவு, பொள்ளலான சுண்ணாம்புப் பாறை. இன்ஜினியர் வரைபடத்தைச் சுருட்டினார். பிறகு அக்காவின் முகத்தைப் பார்த்துவிட்டு, பாதியை மட்டும் விரித்தார். துளையில் சிமெண்டுப் பால் ஊற்றி அடைத்து, அகலமாக ஒரே பலகை மாதிரி அஸ்திவாரம் போட்டு, லேசான கூரையோடு ஒரு தளம் மட்டும் கட்டிக்கொள்ளலாம் என்றார். கட்டினார்கள். கொழுந்தன் குடும்பம் குடிபோனது. ஓரகத்தி அண்டை அயலுக்கெல்லாம், “எங்க அக்கா கடிச்சுப் பாத்துச் சொன்ன வீடு” என்று பெருமை பேசுகிறாள். பேச்சில் கிண்டல் எத்தனை பங்கு என்று இன்னும் யாரும் துளை போட்டுப் பார்க்கவில்லை.

பக்கத்து மனையில் நாலு மாடி இன்றைக்கும் நிற்கிறது. கொழுந்தன் வாரம் ஒருமுறையாவது அதை அண்ணிக்குச் சுட்டிக் காட்டுவான். “நிக்குது தம்பி” என்பாள் அக்கா. பெயரடை எதுவும் சேர்க்கமாட்டாள்.

சலவைக் கடைக்கு மேலே வாழ்க்கை அப்படியேதான் இருக்கிறது. ஒரே ஒரு மாற்றம். வீட்டுக்காரர் டிப்போவிலிருந்து தேய்ந்துபோன பஸ் டயரை நாலு துண்டாக வெட்டி எடுத்து வந்து, கழுவி, கட்டில் கால்களுக்கு அடியில் கொடுத்தார். சாயங்காலம் கீழே மிஷின்கள் பிழியத் தொடங்கின. தரை உதறியது, அலமாரியில் டம்ளர்கள் நடக்க ஆரம்பித்தன. அக்கா கட்டிலில் உட்கார்ந்து பார்த்தாள். ஏறக்குறைய அசையவில்லை. ஒரு துண்டை அவர் மற்றதைவிடச் சின்னதாக வெட்டியிருந்ததால் தலைப்பக்கம் மட்டும் லேசாகத் தாளம் போட்டது.

“எப்படி இருக்கு?” என்றார் அவர், கட்டிலுக்கு அடியிலிருந்தே.

அக்கா குனிந்து ஒரு துண்டை நகத்தால் கீறினாள். முகர்ந்தாள். விரலை எச்சில் தொட்டு நனைத்து நிறம் பார்த்தாள்.

“கறுப்பு,” என்றாள். “நடுத்தரக் கெட்டி. சிதைவு ஆரம்பம்.”

அவர் காத்திருந்தார்.

“பொள்ளல் இல்லை. சரி, வெளிய வாங்க, அந்த டம்ளர் விழப் போகுது, பிடிங்க.”